இரண்டு நாள் யாரும் தொடக் கூடாது

1

இந்தக் கதையை நான் மல்லாந்து படுத்துக்கொண்டு கேட்டேன். முழங்கால்கள் மடிந்து இரண்டு பக்கமும் விழுந்திருந்தன. உள்ளங்கால்கள் ஒன்றையொன்று தொட்டுக்கொண்டிருந்தன. வயிற்றின் மேல் ஒரு துண்டு. இதைச் சொல்லாமல் தொடங்கப் பலமுறை முயன்றேன்.

[மழை விட்டிருந்த ஒரு மாலையில்—] மழையே இல்லை.

[நெரிசலான தெருவில், மருந்துக் கடைக்கு மேலே, மாடியில்—] மாடி உண்மை. தெரு எதற்கு?

[என் தோழி ஒருத்தி சொன்னாள்—] பொய். தோழி என்று போட்டால் நான் அந்த மேசையிலிருந்து எழுந்து உடுத்திக்கொண்டுவிடலாம். அதற்காகத்தான் அந்தத் தோழி.

ஒரு பெண்கள் பத்திரிகை கட்டுரை கேட்டிருந்தது. அந்தரங்கப் பகுதியில் முதல்முறை வேக்ஸிங் செய்துகொள்கிறவர்கள் என்ன எதிர்பார்க்கலாம் என்று. ஆசிரியர் தொலைபேசியில் பேசினார்.

"நீங்களே ஒருதடவை போயிட்டு வந்து எழுதினா உயிரோட்டமா இருக்கும்."

"நீங்க போயிருக்கீங்களா?"

"ஐயோ, நானா?" சிரித்தார். "கொஞ்சம் ஜாலியா எழுதுங்க. கோபமெல்லாம் வேண்டாம். உங்க பேரைப் பார்த்தாலே வாசகிகள் பக்கத்தைப் புரட்டிடறாங்க."

போனேன். எழுதிக் கொடுத்தேன். ஜாலியாக இருக்கிறது. அதில் சேராதது இது.

2

கட்டுரையில் உள்ளவற்றைச் சுருக்கித் தருகிறேன். அதற்காக மட்டும் வந்தவர்கள் வெறுங்கையோடு போக வேண்டாம்.

அறைக்குத் தாழ்ப்பாள் இருக்க வேண்டும். உடை மாற்றும்போது பியூட்டிஷியன் வெளியே போக வேண்டும். திரும்பி வரும்போது கதவைத் தட்ட வேண்டும். கையுறை கட்டாயம். கர்ப்பமா, சர்க்கரை உண்டா, ரத்தம் உறையாமலிருக்க மாத்திரை சாப்பிடுகிறீர்களா, புண் உண்டா என்றெல்லாம் கேட்பார். வெட்கப்பட்டுப் பொய் சொன்னால் தோல் உரியும். தோலுக்கு வெட்கம் தெரியாது.

இந்த இடத்துக்குத்* துணிப் பட்டை கிடையாது. கெட்டி மெழுகு. சின்னப் பாத்திரத்தில் தேன் பதத்துக்கு உருகிக்கொண்டிருக்கும். முதலில் தன் மணிக்கட்டில் தொட்டுப் பார்ப்பார், பிறகு உங்கள் தொடையில். மரக்குச்சியால் எடுத்து முடி வளரும் திசையில் பூசுவார். ஒருமுறை பூசிய குச்சியை மறுபடி மெழுகில் விட்டால் எழுந்து போய்விடுங்கள். மெழுகு இறுகியதும் ஓரத்தை நிமிண்டி, ஒரு கையால் தோலை இழுத்துப் பிடித்து, மறு கையால் எதிர்த் திசையில் பிடுங்குவார். உடனே அந்த இடத்தில் உள்ளங்கையை அழுத்தி வைப்பார். அந்த அழுத்தம் உதவுகிறது. ஏன் என்று தெரியவில்லை.

வலிக்கும். 'வலிக்கும்' என்றுதான் எழுதிக் கொடுத்தேன். 'எறும்பு கடித்தது போல் இருக்கும்' என்று அச்சாகியிருக்கிறது. எந்த எறும்பு?

* கட்டுரை முழுக்க 'அந்தரங்கப் பகுதி' என்று எழுதியிருக்கிறேன். எனக்கே பிடிக்கவில்லை. அந்த இடத்துக்கு நம்மிடம் உள்ளவை ஆஸ்பத்திரிச் சொற்களும் வசைச் சொற்களும். இரண்டுக்கும் நடுவில் 'அங்கே'. ஒரு மொழி முழுவதும் சேர்ந்து, பேசுகிற அத்தனை பேரின் பாதி உடம்பை 'அங்கே' என்று தள்ளி வைத்திருக்கிறது. பியூட்டிஷியன் அதையும் சொல்வதில்லை. "இப்ப இடது" என்பார். "இப்ப வலது."

3

அவருக்கு ஒரு முறை உண்டு. கேள்வி கேட்பார். நாம் பதில் சொல்ல வாயைத் திறந்ததும் பிடுங்குவார்.

"எந்த ஊர்லம்மா படிச்சீங்க?"

"நான் படிச்சது—"

பிடுங்கினார்.

"பார்த்தீங்களா, தெரியவே இல்ல."

தெரிந்தது.

"பேச ஆரம்பிக்கிற உடம்பு இறுகாதும்மா. அதான் கணக்கு. இந்த ரூம்ல யாரும் ஒரு வாக்கியத்தை முழுசா முடிச்சதில்ல."

"அப்ப நான் பேசலை. நீங்க பேசுங்க."

"நான் பேசினா யாரைப் பத்தியாவதுதான் பேசுவேன்."

"என்னைப் பத்தியும் அடுத்தவங்ககிட்ட சொல்வீங்களா?"

"உங்களைப் பத்தி சொல்ல என்ன இருக்கு, கத்தினதைத் தவிர?"

அப்படித்தான் எக்ஸ்ரே மேடத்தின் கதை தொடங்கியது. பியூட்டிஷியன் வைத்த பெயர் அது. ஆஸ்பத்திரியில் எக்ஸ்ரே எடுக்கிறவள். நாள் முழுவதும் மற்றவர்களை மேசையில் படுக்க வைக்கிறவள்.

அவள் தன் கதையை இதே மேசையில், மெழுகுக்கு நடுவே, பாதிப் பாதி வாக்கியங்களாகச் சொல்லியிருக்கிறாள். நான் அதை இன்னும் பாதியாகக் கேட்டேன். பாதியின் பாதியை வைத்து எழுதுகிறேன். ஓட்டைகளை அடைத்திருப்பது என் கோபம். எங்கெங்கே என்பதை இயன்ற வரை சொல்லிவிடுகிறேன்.

4

பிறந்தநாள். காலை. [கூடத்தில் இளவெயில்—] யாருக்கு வேண்டும் இளவெயில். மாமியார் சோபாவில் இருக்கிறாள். மகளும் மகனும் தரையில். கணவன் ரிப்பன் கட்டிய ஓர் உறையை நீட்டுகிறான்.

"பிரிம்மா, பிரிம்மா," என்கிறாள் மகள்.

பிரித்தாள்.

"என்னதும்மா அது?" மாமியார் கேட்டாள்.

"பார்லர் கூப்பன், அத்தை."

"பார்த்தியா! எந்தப் புருஷன் இதெல்லாம் யோசிப்பான்? உங்க மாமா எனக்கு ஒரு சீப்பு வாங்கித் தந்ததில்ல. அதையும் நானே வாங்கி, நானே 'நல்லா இருக்கு'ன்னு சொல்லிக்கிட்டேன்."

கூப்பனின் அடியில், சின்ன எழுத்தில், எதற்கான கூப்பன் என்று அச்சாகியிருந்தது. மகள் எட்டிப் பார்த்தாள். எக்ஸ்ரே மேடம் கட்டைவிரலை அந்த வரியின் மேல் வைத்தாள். கணவன் கட்டைவிரலைப் பார்த்துச் சிரித்தான்.

(கட்டைவிரல் நான் சேர்த்தது. சிரிப்பும் நான் சேர்த்தது. "எல்லார் முன்னாடியும் குடுத்தாராம்" என்றுதான் பியூட்டிஷியன் சொன்னார். மாமியாரின் சீப்பு மட்டும் அப்படியே வந்தது.)

இந்தக் கணவனைப் பற்றி எனக்குச் சந்தேகம் இருக்கிறது. கெட்டவனாக எழுதினால் வேலை சுலபம். அவன் குடிப்பதில்லை. அடிப்பதில்லை. பிள்ளைகளைப் பள்ளியில் விடுகிறான். பாத்திரம்கூடத் தேய்க்கிறான். அவள் 'இன்னைக்கு வேண்டாம்' என்றால் வற்புறுத்துவதில்லை. 'ஏன்?' என்று மட்டும் கேட்பான்.

தலைவலி என்றால் மாத்திரையும் தண்ணீரும் கொண்டுவருவான். அசதி என்றால் 'நாளைக்கு லீவு போட்டுடு' என்பான். பிள்ளைகள் விழித்திருக்கிறார்கள் என்றால் போய்த் தூங்க வைத்துவிட்டு வருவான். எந்தக் காரணத்தையும் தீர்த்துவைப்பான். தீர்த்துவைத்தபின் காரணம் இருக்காது. காரணம் இல்லாமல் எப்படி வேண்டாம் என்பது? அதற்கு மேலும் சொன்னால் அவன் முகம் தொங்கிப்போகும். பீரோக் கதவு சத்தமாக மூடும். "அம்மாகிட்டயே கேளுங்க, அப்பாவுக்கு என்ன தெரியும்" என்று பிள்ளைகளிடம் சொல்வான். வீடு நாள்கணக்கில் அப்படியே கிடக்கும்.

இதில் எதையும் கொண்டுபோய்ப் போலீஸில் சொல்ல முடியாது. அம்மா வீட்டில்கூடச் சொல்ல முடியாது. "மாத்திரை கொண்டுவந்து குடுக்கறாராடி? அதுக்கா அழறே?"

5

நேரத்தையும் அவனே பதிவு செய்திருந்தான். அன்றைக்கே, மாலை. அங்கேதான் தப்பு செய்தான். இந்த வேலையைப் பற்றி ஒன்றுமே தெரியாமல் ஆசை மட்டும் உள்ளவன் செய்கிற தப்பு.

பியூட்டிஷியன் தொடங்கும் முன் எல்லாரிடமும் கடைசியாக ஒரு கேள்வி கேட்பார்.

"இன்னைக்கு ஏதாவது விசேஷம் இருக்காம்மா?"

"பிறந்தநாள். வெளியில சாப்பிடப் போறோம். அப்புறம்…"

"அப்புறம் கிடையாது. ரெண்டு நாளைக்கு யாரும் தொடக் கூடாது. வேர்க்கால் எல்லாம் திறந்து கிடக்கும். எரியும், கட்டி வரும், சீழ் பிடிக்கும். வெந்நீர் கூடாது, இறுக்கமா உடுத்தக் கூடாது, வீட்டுக்காரரும் கூடாது."

"யாருமா?"

"யாரும்னா யாரும்தான்."

அவள் கூரையைப் பார்த்தபடி இருந்தாளாம். பிறகு, "இன்னொரு தடவை சொல்லுங்க அக்கா" என்றாளாம்.

(இது நான் சேர்த்தது இல்லை. என்னால் இப்படிச் சேர்க்க முடியாது.)

பாதி வேலையில் பார்லர் போன் அடித்தது. கையில் மெழுகு. பியூட்டிஷியன் முழங்கையால் ஸ்பீக்கரைத் தட்டினார்.

"ஹலோ, என் மிஸஸ் அங்க வந்திருக்காங்க. முடிய எவ்ளோ நேரமாகும்?"

"பாதி ஆயிருக்கு சார்."

"ஹோட்டல்ல டேபிள் சொல்லி வச்சிருக்கேன்."

"தாராளமா சாப்பிடுங்க சார். ஆனா ரெண்டு நாளைக்கு…" என்று எல்லாவற்றையும் சொன்னார்.



"ரெண்டு நாளா? கூப்பன்ல அப்படி ஒண்ணும் போடலையே."

"எல்லாத்தையும் கூப்பன்ல போட முடியுமா சார்?"

"அப்ப இதை நான் எதுக்குங்க வாங்கினேன்?"

"கூப்பன் மேல 'அன்பு மனைவிக்கு'ன்னு எழுதச் சொன்னது நீங்கதானே சார்."

6

இங்கே அவளுக்குக் கோபம் வர வேண்டும். எனக்கு வந்தது. துண்டுக்கு அடியில் படுத்துக்கொண்டு, எவனோ ஒருவன் எவளோ ஒருத்தியிடம் ஒரு வார்த்தை கேட்காததற்கு.

[அவள் எழுந்தாள். துண்டை வீசினாள். மெழுகோடு—] மெழுகோடு உடுத்த முடியாது.

[அவள் எழுந்தாள். "போதும்" என்றாள். ஒரு பக்கம் மட்டும் முடிந்த உடம்போடு, நிமிர்ந்து, படியிறங்கித் தெருவில்—] இது எனக்கு மிகவும் பிடித்திருந்தது. எழுதும்போதே கைதட்டல் கேட்டது. அதனால்தான் அதை அடித்துவிட்டேன்.

நடந்தது: அவள் சிரித்தாள். மேசை குலுங்குகிற அளவுக்கு.

"அசையாதீங்கம்மா."

"அது என்னோட டயலாக் அக்கா. 'அசையாதீங்க, மூச்சை இழுத்துப் பிடிங்க.' நாள் பூரா நான் சொல்றது."

சிரித்து முடித்ததும், "மிச்சத்தையும் செஞ்சுடுங்க" என்றாள்.

நான் தலையைத் தூக்கினேன். "ஏன்?"

"படுங்க. நானும் அதைத்தான் கேட்டேன். 'பாதியோட போனா பாதிக்குத்தானே ரெண்டு நாள் கிடைக்கும்'னாங்க."

சொல்லி, பிடுங்கினார். நான் கத்தினேன். எதற்குக் கத்தினேன் என்று இன்னும் தெரியவில்லை.

7

உடுத்திக்கொண்டபின் அவள் கேட்டாள்.

"ரெண்டு நாள்ங்கிறது சிலருக்கு ஒரு வாரம்கூட ஆகுமா அக்கா?"

"அது தோலைப் பொறுத்ததும்மா. உங்க தோல் எப்படின்னு உங்களுக்குத்தானே தெரியும்."

"ரொம்ப மோசமான தோல் அக்கா என்னோடது."

"அப்ப ஒரு வாரம்."

அடுத்த மாதம் அவளே வந்தாள். அதற்கடுத்த மாதமும். "பாரு, உனக்கே பிடிச்சுப்போச்சு" என்றானாம் கணவன். பரிசு வெற்றி.

இங்கே கட்டுரைக்காரி குறுக்கே வருகிறேன். மன்னிக்க வேண்டாம்.

லீவு வேண்டுமென்றால் ஒரு காரணம் எழுதி மேலதிகாரியிடம் நீட்டுவோம். அவள் தோலில் எழுதி நீட்டினாள். ஒருவன் தொடாமலிருக்கத் தன்னைத் தானே பிடுங்கிக்கொண்டாள், மாதாமாதம், கூரையைப் பார்த்துக்கொண்டு. வாயால் சொன்னதற்கு அந்த வீட்டில் மதிப்பில்லை. சிவந்து வீங்கிய தோல் சொன்னால் மதிப்பு உண்டு. அவன் தோலை மதிக்கிறவன். சொன்னேனே, நல்லவன்.

"நீங்க அவங்ககிட்ட ஒண்ணும் சொல்லலையா?" என்று கேட்டேன்.

"என்னன்னு? 'வராதீங்க'ன்னா? நல்ல கஸ்டமர்மா."

"உங்களுக்குக் கோபமே வரலையா?"

"வரும். சூடா மெழுகை வச்சுக்கிட்டுக் கோபப்பட்டா யார் தோல் போகும்? என்னோடதா? திரும்பிப் படுங்க."

அவரை நல்லவராகவும் எழுத முடியவில்லை, கெட்டவராகவும் எழுத முடியவில்லை. இந்தக் கதையில் யாருமே எனக்கு உதவுவதில்லை.

8

கடைசியாக அவள் வந்தது நாள் குறிக்காமல். முந்தைய முறைக்குப்பின் அதிக நாள் ஆகியிருக்கவில்லை. கணவன் எங்கோ ஓர் ஊரில் அறை எடுத்திருந்தான். சனி, ஞாயிறு. பிள்ளைகள் பாட்டியிடம். பைகள் காரில். "போற வழியில பார்லர்ல ஒரு வேலை" என்று நிறுத்தச் சொல்லியிருக்கிறாள். அவன் கூடவே மாடி ஏறி வந்துவிட்டான். ஆண்களுக்கு உள்ளே அனுமதி இல்லை. படிக்கட்டின் மேல்படியில், கார் சாவியைச் சுழற்றிக்கொண்டு நின்றான்.

அவள் படுத்தாள். பியூட்டிஷியன் பார்த்தார். குச்சியைக் கீழே வைத்தார்.

"இன்னும் வளரலைம்மா. ஒரு அரிசி நீளமாவது இருக்கணும். இல்லன்னா மெழுகு முடியைப் பிடிக்காது, தோலைத்தான் பிடிக்கும்."

"பிடிக்கட்டும்."

"என்ன பேச்சு இது? நான் செய்ய மாட்டேன்."

"அப்ப செஞ்சதா சொல்லுங்க. வெளியில நிக்கிறார். ரெண்டு நாள் கூடாதுன்னு சொல்லுங்க. நீங்க சொன்னா கேட்பார்."

"நீங்களே சொல்லுங்களேன்."

"நான் சொன்னா ஏன்னு கேட்பார்."

கதை அந்த இடத்துக்கு வந்தபோது என்னிடமிருந்து கடைசி மெழுகும் வந்துவிட்டது.

"முடிஞ்சது," என்றார் பியூட்டிஷியன். "எழுந்திருங்க."

9

"அப்புறம்?"

அவர் கையுறையைக் கழற்றிக்கொண்டிருந்தார். கற்றாழை ஜெல் தடவியிருந்த இடம் குளிர்ந்தது.

"அப்புறம் என்ன, போனாங்க."

"நீங்க வெளியில வந்து சொன்னீங்களா? அவங்க சொன்னாங்களா? என்னதான் ஆச்சு?"

"இவ்ளோ நேரம் சொன்னது இந்த டேபிள் மேல நடந்தது. அது என் வேலை. சொல்லுவேன். அதுக்கப்புறம் நடந்தது வெளியில. அது அவங்க விஷயம்."

"இது அநியாயம்."

"வலி மறக்கத்தானே கேட்டீங்க? மறந்துதா இல்லையா?"

நான் உடுத்திக்கொண்டேன். கதவருகே அவர் என்னை நிறுத்தினார்.

"ரெண்டு நாளைக்கு யாரும் தொடக் கூடாது. சரியா?"

"நான் தனியாத்தான் இருக்கேன்."

"இருந்தா என்ன? எல்லார்கிட்டயும் சொல்லணும்."

தெருவில் இறங்கியபின் என் கண் ஏன் கலங்கியது என்று கட்டுரையில் எழுதவில்லை. இங்கேயும் எழுதப்போவதில்லை.

10

ஆகவே முடிவு என் தலையில். செய்து பார்த்தவை:

பியூட்டிஷியன் வெளியே வந்து பொய் சொல்கிறார். கணவன் தலையாட்டுகிறான். அவளுக்கு அந்தச் சனி, ஞாயிறு கிடைக்கிறது. திங்கள்? அவளுடைய 'வேண்டாம்' இப்போது இன்னொருத்தர் வாயில் இருக்கிறது. அந்த வாய் ஒருநாள் கடையை மூடிவிட்டுக் கல்யாணத்துக்குப் போகும்.

பின்கதவு. இருக்கிறது, நான் பார்த்தேன். மெழுகுப் பாத்திரம் கழுவுகிற தொட்டியைத் தாண்டி, இரும்புப் படி, சந்து. [அவள் செருப்பைக் கையில் எடுத்துக்கொண்டு—] எங்கே போவாள்? பிள்ளைகள் பாட்டியிடம். வேலை அதே ஊரில். 'விட்டுட்டுப் போக வேண்டியதுதானே' என்று இப்போது சிலர் முணுமுணுப்பது கேட்கிறது. நீங்கள் எதை எதை விட்டுவிட்டுப் போனீர்கள் என்று எனக்கு எழுதி அனுப்புங்கள். படிக்கிறேன்.

[அவன் அவள் முகத்தைப் பார்த்தான். முதல்முறையாக அவனுக்கு ஏதோ புரிந்தது—] இந்த வாக்கியத்தை எழுதுகிறவர்களை எனக்குத் தெரியும். எல்லாரும் கணவர்கள்.

அவள் அவனை அறைகிறாள். இதை நாலு விதமாக எழுதினேன். கை எனக்குத்தான் வலித்தது.

11

மிஞ்சியது இவ்வளவுதான். இதற்குமேல் ஒரு பொய்யும் சேர்க்கவில்லை.

அவள் உடுத்திக்கொண்டாள். முடியை அள்ளிக் கட்டினாள். பையை எடுத்தாள். பியூட்டிஷியன் பின்னால் வரவில்லை. கதவைத் திறந்தாள். அவன் சாவியைச் சுழற்றுவதை நிறுத்தினான்.

"முடிஞ்சுதா? போலாமா?"

"செய்யலை. இன்னும் வளரலையாம்."

"நல்லதாப் போச்சு." அவன் முகம் மலர்ந்தது. அவளுடைய பையை வாங்கிக்கொண்டான். நல்லவன். "அப்ப ஒரு பிரச்சினையும் இல்ல."

"எனக்கு வேண்டாம்," என்றாள்.

"எது?"

"இன்னைக்கும் வேண்டாம். நாளைக்கும் வேண்டாம்."

"ஏன்?"

இந்தக் கேள்விக்கு இதுவரை எல்லாரும் பதில் சொல்லியிருக்கிறோம். தலைவலி சொன்னது. பிள்ளைகள் சொன்னார்கள். மெழுகு சொன்னது. மேசையில் படுத்துக்கொண்டு நானே அவளை 'ஏன்' என்று கேட்டேன். மேலே பத்துப் பகுதிகளில், அவளுக்காக, பக்கம் பக்கமாகக் காரணம் எழுதிக் கொடுத்திருக்கிறேன். இனி எழுத மாட்டேன்.

அவள் நிற்கிறாள். அவன் காத்திருக்கிறான். கீழே அவளுக்காக ஒரு வரி இடம் விட்டிருக்கிறேன். அதில் அவள் ஏதாவது சொல்லட்டும், சொல்லாமலும் போகட்டும்.

ஒன்று. அந்த வரியில் நல்லதாக, நியாயமாக, யாரும் மறுக்க முடியாத ஒரு காரணத்தை எழுதிவிட வேண்டும் என்று உங்களுக்குக் கை பரபரத்தால், படிக்கட்டில் நீங்கள் யார் பக்கம் நிற்கிறீர்கள் என்று பார்த்துக்கொள்ளுங்கள்.

"                                        "